புளியமரத்தில் சிரித்தது யார்?

போன மாதம் நம் சங்கக் கூட்டம் முடிந்து எல்லோரும் வெளியே வந்துகொண்டிருந்தோம். மணி ஏழரை இருக்கும். கட்டடத்தின் பின்பக்கத்து வேப்பமரத்திலிருந்து 'கிர்ர்ர் கிர்ர்ர் கிர்ர்ர்... சீவக் சீவக் சீவக்' என்று ஒரு கூச்சல் கிளம்பியது. படியில் இறங்கிக்கொண்டிருந்த மாமி ஒருவர் சட்டென்று நின்று, பேத்தியின் தலையில் கையை வைத்து "சிவசிவா" என்றார். நம் செயலாளர் என்னைப் பார்த்து, "சார், அந்த மரத்துப் பொந்தைச் சிமென்ட் வைத்து அடைத்துவிடலாமா? இந்த மாதிரி வேலைக்கு நீங்கள்தான் ஆள்" என்றார்.

அப்போதே பதில் சொல்லியிருக்கலாம். ஆனால் வாசலில் செருப்பைத் தேடிக்கொண்டே சொல்லி முடிக்கிற விஷயமில்லை இது. அதனால் எழுதிக் கொடுக்கிறேன் என்றேன். ஆசிரியரும் நான்கு பக்கம் ஒதுக்கியிருக்கிறார்.

நான் பறவை ஆராய்ச்சி செய்தவனில்லை. சிவில் டிப்ளமா படித்துவிட்டு 1981-இல் ரயில்வேயில் தண்டவாளப் பராமரிப்பில் சேர்ந்தவன். முப்பத்தெட்டு ஆண்டு தண்டவாளம், ஜல்லி, பாலம் என்று போய்விட்டது. ஆனால் எங்கள் வேலையில் ராத்திரி நிறைய உண்டு. ராத்திரியில் நடப்பவனுக்குக் கண்ணைவிடக் காதுதான் துணை. அப்படிக் காதில் விழுந்ததையும், பிற்பாடு சாலிம் அலி புத்தகத்தை வைத்துச் சரிபார்த்ததையும்தான் இங்கே சொல்கிறேன்.

முதலில் ஒரு சிரிப்பு

1983. அகோலா–கண்ட்வா மீட்டர் கேஜ் பாதையில் எனக்கு முதல் தனிப் பொறுப்பு. அந்தப் பாதை மேல்காட் காட்டுக்குள் புகுந்து போகும். தூல்காட் என்ற இடத்தில் தடம் தன்னையே ஒரு சுற்றுச் சுற்றிக்கொண்டு மலை ஏறும். 1973-இல் நாட்டில் முதன்முதலாக அறிவித்த ஒன்பது புலிக் காப்பகங்களில் மேல்காட்டும் ஒன்று. எனக்கு வயது இருபத்துநான்கு. மராத்தி தெரியாது, இந்தி பாதி தெரியும், சமையல் சுத்தமாகத் தெரியாது.

மழைக்காலத்தில் ராத்திரி ரோந்து உண்டு. ரோந்துக்காரர் கைவிளக்கு, பட்டாசு போன்ற டெட்டனேட்டர், விசில் எல்லாம் எடுத்துக்கொண்டு தம் எல்லை முழுவதும் நடக்க வேண்டும். அந்தப் பக்கத்திலிருந்து வருகிற ரோந்துக்காரரைச் சந்தித்துப் புத்தகம் மாற்றிக்கொள்ள வேண்டும். கரிசல் மண்ணில் போட்ட கரை, மழையில் எப்போது சரியும் என்று சொல்ல முடியாது. வண்டி போகிற பாதையை மனிதன் கண்ணால் பார்த்துக்கொண்டே இருப்பதைத் தவிர அன்றைக்கு வேறு வழி கிடையாது.

மலையடிவாரத்தில் ஒரு எல்லை. அதில் பழைய புளியந்தோப்பு ஒன்று, தடத்திலிருந்து ஐம்பது அடி தள்ளி. அங்கே ராத்திரி ஒரு பெண் சிரிக்கிறாள் என்று பேச்சு. கேட் காவலர் சொன்னார், கேங் மேஸ்திரி சொன்னார், டீக்கடைக்காரர்கூடச் சொன்னார். நான் படித்தவன் அல்லவா, சிரித்துவிட்டு விட்டுவிட்டேன்.

செப்டம்பர் மாதம் ஒரு ராத்திரி, இரண்டு மணி சுமாருக்கு, சொல்லாமல் கொள்ளாமல் ரோந்தைச் சோதிக்கக் கிளம்பினேன். மழை விட்டிருந்தது. கேட்டுக்கு வந்தால் ரோந்துக்காரர் உள்ளே உட்கார்ந்திருக்கிறார். புத்தகத்தில் சந்திப்புக் கையெழுத்து மட்டும் சரியாக இருக்கிறது! இரண்டு ரோந்துக்காரர்களும் பேசிவைத்துக்கொண்டு, ஒருவர் தோப்புக்கு இந்தப் பக்கமும் மற்றவர் அந்தப் பக்கமும் திரும்பிவிடுகிறார்கள். புத்தகம் விடிந்தபின் கைமாறுகிறது. நடுவில் அரை கிலோமீட்டர் தடத்தை நான்கு ராத்திரியாக ஒருவரும் பார்க்கவில்லை.

"வாருங்கள், இப்போது நடப்போம்" என்றேன். அவர் கையெடுத்துக் கும்பிட்டார். "சாஹேப், வேலையை வேண்டுமானால் எடுத்துக்கொள்ளுங்கள். எனக்கு மூன்று குழந்தைகள்" என்றார். கோபத்தில் விளக்கைப் பிடுங்கிக்கொண்டு நான் மட்டும் நடந்தேன்.

தோப்புக்கு நேரே வந்தபோது சிரிப்பு வந்தது. 'சுஹுவா... ஆ... ஆ... ஆ' என்று நடுங்கிக்கொண்டே இழுக்கும் குரல். பைத்தியம் பிடித்தவர் சிரிப்பதுபோல் ஆரம்பித்து அழுவதுபோல் முடிந்தது. பின்னாலேயே தோப்பின் இன்னொரு மூலையிலிருந்து அதற்குப் பதில். நான் வணங்கும் முருகன் சத்தியமாகச் சொல்கிறேன், என் முழங்கால் இரண்டும் தனித்தனியாக ஆடின. ஓடவும் முடியவில்லை, நிற்கவும் முடியவில்லை. விளக்கைத் தரையைப் பார்த்துப் பிடித்துக்கொண்டு, ஸ்லீப்பரை ஒவ்வொன்றாக எண்ணிக்கொண்டே நடந்தேன். தலை குனிந்து நடந்ததால்தான் கண்ணில் பட்டது. ஒரு பக்கம் ஜல்லியே இல்லை. கரை ஓரம் இருபது அடி நீளத்துக்குச் சரிந்து, ஸ்லீப்பர் முனைகள் அந்தரத்தில் தொங்கின.

அதன்பிறகு பயப்பட நேரமில்லை. இரு பக்கமும் டெட்டனேட்டர் வைத்து, சிவப்பு விளக்குக் காட்டி, காலை வண்டியை நிறுத்தினோம். கேங் வந்து மண் மூட்டை அடுக்கி, வண்டியை ஊர்ந்து போகவைக்க மத்தியானம் ஆயிற்று. அந்த இருபது அடிச் சரிவு எத்தனை நாளாக அப்படி இருந்தது என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. அதற்கு மேல் எத்தனை வண்டி போயிற்று என்பதும் தெரியாது.

விதிப்படி ரோந்துக்காரர்கள் இருவர் மேலும் குற்றப்பத்திரிகை கொடுத்திருக்க வேண்டும். எச்சரிக்கையோடு விட்டேன். ஸ்லீப்பரை எண்ணிக்கொண்டு வந்தவன் எந்த முகத்தோடு அவர்களைத் தண்டிப்பது?

எங்கள் கீமேன் ஒருவர் கோர்க்கு பழங்குடியைச் சேர்ந்தவர். அதிகம் பேசாதவர். மறுநாள் சாயங்காலம் வெளிச்சம் இருக்கும்போதே என்னைத் தோப்புக்குக் கூட்டிப்போய் ஒரு கவட்டைக் கிளையைக் காட்டினார். முதலில் பட்டை உரிந்த கிளை என்றே நினைத்தேன். அது கண்ணைத் திறந்தது. ஏறத்தாழ ஒரு முழ உயரம், கொம்பு இல்லாத உருண்டைத் தலை, கறுத்த கண்கள், உடம்பெல்லாம் செம்பழுப்பும் வெள்ளையும் கறுப்புமாகப் பொரித்த அரிசியைத் தூவியதுபோல் புள்ளி. பக்கத்திலேயே இன்னொன்று. ஆங்கிலத்தில் 'மாட்டில்டு வுட் அவுல்' என்பார்கள். மாந்தோப்பும் புளியந்தோப்பும்தான் இதன் வீடு. ஊரை ஒட்டி இருக்கும், ஆனால் பகலில் யார் கண்ணிலும் படாது. அந்தி நேரத்தில் ஆணும் பெண்ணும் ஒன்றையொன்று கூப்பிட்டுக்கொள்ளும். நம் ஊர்ப் பக்கத்துப் புளியமரப் பேய்களில் பாதியாவது இந்தத் தம்பதியாகத்தான் இருக்கும் என்பது என் கணக்கு.

ரோந்துக்காரரையும் கூட்டிப்போய்க் காட்டினேன். நம்பினாரா என்றால், முக்கால்வாசி நம்பினார். "ஆந்தைதான் சாஹேப். ஆனால் அதற்குள் யார் இருக்கிறார்கள் என்று உங்களுக்குத் தெரியுமா?" என்றார். அடுத்த மாதமே வேறு எல்லை கேட்டு வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

அம்மாவின் கணக்கு

சொந்த விருப்பத்தில் ரயில்வே மாறினால் சீனியாரிட்டி அடிமட்டத்துக்குப் போய்விடும். தெரிந்தேதான் நாக்பூருக்கு மாற்றல் வாங்கினேன். பிள்ளைகள் படிப்பு. குவார்ட்டர்ஸ் வாசலில் பெரிய வேப்பமரம்.

1996-இல் அப்பா காலமான பிறகு அம்மாவை மாயவரத்திலிருந்து இங்கே அழைத்து வந்தோம். ரத்த அழுத்தம், தூக்கமின்மை, புது ஊர், புரியாத பாஷை. வந்த இரண்டாவது வாரமே சாப்பாடு குறைந்துவிட்டது. என்ன என்று கேட்டால் ஒன்றுமில்லை என்பார். கடைசியில் என் மனைவிதான் கண்டுபிடித்தாள். "ஏங்க, அத்தை ராத்திரி முழுக்க விரல் மடக்கி எண்ணிண்டிருக்கா" என்றாள்.

நம் பெரியவர்களுக்கு ஆந்தைக் குரலுக்கு ஒரு கணக்கு உண்டு. ஒரு தரம் கத்தினால் சாவு, இரண்டு தரம் என்றால் நினைத்த காரியம் ஜெயம், நாலுக்குச் சண்டை, ஐந்துக்குப் பயணம், ஆறுக்கு உறவினர் வருகை என்று வரிசை போகும். அம்மா படுத்துக்கொண்டு எண்ணியதில் ஒவ்வொரு நாளும் ஒன்றிலேயே முடிந்திருக்கிறது. தம் பெயர்தான் கூப்பிடப்படுகிறது என்று முடிவு கட்டிவிட்டார்.

எனக்குக் குரல் தெரியும். வேப்பமரத்துப் பொந்தில் இருந்தது புள்ளி ஆந்தை. மைனாவைவிடக் கொஞ்சம் தடித்த உடம்பு, சாம்பல் பழுப்பில் வெள்ளைப் புள்ளிகள், மஞ்சள் கண், வெள்ளைப் புருவம். இந்தியாவில் ஊருக்குள் நாம் பார்க்கிற ஆந்தை பெரும்பாலும் இதுதான். ஜோடியாகவோ குடும்பமாகவோ இருக்கும். விளக்கு வைக்கும் நேரத்தில் பொந்திலிருந்து வந்து கிளையில் உட்கார்ந்து, பங்காளிச் சண்டை மாதிரி எல்லாம் ஒரே நேரத்தில் கத்தும். அதில் எது ஒன்று, எது இரண்டு என்று யார் எண்ணுவது? அம்மா எல்லாவற்றையும் சேர்த்து ஒன்று என்று எண்ணியிருக்கிறார்!

மறுநாள் அந்தியில் அம்மாவுக்கு வாசலில் நாற்காலி போட்டேன். தெருவிளக்கு எரிந்ததும் ஆந்தை வந்து கம்பியில் உட்கார்ந்தது. விளக்கைச் சுற்றும் பூச்சியைப் பாய்ந்து பிடித்தது. அம்மாவை முறைத்துப் பார்த்துத் தலையை மேலும் கீழும் ஆட்டியது. அறிமுகமில்லாதவரைக் கண்டால் அது அப்படித்தான் குனிந்து நிமிரும். பின்பு பூச்சியை எடுத்துக்கொண்டு பொந்துக்குப் போனது. உள்ளே கீச்சென்று சத்தம்.

"குஞ்சு பொரிச்சிருக்காடா?"

"ஆமாம்மா. மூணு நாலு இருக்கும்."

"இத்துனூண்டு இருக்கு. இதுக்கா நான் பயந்தேன்?"

அன்று ராத்திரி இரண்டு தோசை சாப்பிட்டார். பிறகு தினமும் அந்த நாற்காலி அவருக்கு வேலையாகிவிட்டது. எத்தனை தடவை பொந்துக்குப் போயிற்று என்று எண்ணுவார். எண்ணுகிற பழக்கம் மட்டும் போகவில்லை. மேலும் பதினோரு ஆண்டு இருந்து 2007-இல் காலமானார். ஆறு தரம் கத்தினால் உறவினர் வருவார்கள் என்பதை மட்டும் கடைசிவரை விடவில்லை. ஜி.டி.யிலும் தமிழ்நாடு எக்ஸ்பிரஸிலும் யாராவது ஒருவர் நாக்பூர் வழியாகப் போய்க்கொண்டேதான் இருந்தார்கள். நாமும் டிபன் கேரியரில் புளியோதரையும் பையில் ஆரஞ்சும் எடுத்துக்கொண்டு பிளாட்பாரத்துக்கு ஓடிக்கொண்டுதான் இருந்தோம். ஆகவே அந்த ஜோசியம் பொய்க்க வழியே இல்லை.

மகாராஷ்டிரத்தில் இந்தச் சின்ன ஆந்தைக்குப் பிங்களா என்று பெயர். பொதுவாக ஆந்தை என்றால் குபட். விடியுமுன் லாந்தரும் சிறு உடுக்கையுமாக வீடு வீடாக வந்து குறி சொல்பவர்களுக்கும் பிங்களா என்றே பெயர். பிங்களாவின் பாஷை தெரிந்தவர்கள் என்பது ஐதிகம். நம் ஊர்க் குடுகுடுப்பைக்காரரின் ஒன்றுவிட்ட சகோதரர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

காதால் கண்டுபிடிப்பது

ஆந்தைக் குரல் கேட்டால் மூன்று கேள்வி போதும். எந்த இடத்திலிருந்து வருகிறது, எத்தனை சுரம், எத்தனை நேரத்துக்கு ஒரு தரம். நான் ஒரு பழைய டைரியில் இப்படித்தான் எழுதிவைத்தேன்.

ராத்திரி எட்டு மணிக்கு மேல், அடர்ந்த மாமரத்துக்குள்ளிருந்து, மெல்லிய குரலில் 'வாட்?' என்று யாரோ ஆங்கிலத்தில் கேட்பதுபோல் இருக்கிறதா? சில வினாடி கழித்து மறுபடி 'வாட்?' பத்து நிமிடம் விடாமல் கேட்கும். காது மந்தமான மேலதிகாரிபோல. இது கொம்பு வைத்த சின்ன ஆந்தை. இந்தியன் ஸ்கோப்ஸ் என்பார்கள். நகரத்துத் தோட்டங்களிலும் உண்டு. புள்ளி ஆந்தையைவிடச் சற்றே பெரிது. கண் கறுப்புக் கலந்த பழுப்பு. பகலில் கிளையோடு கிளையாகக் கண்ணைக் கோடுபோல் இடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கும். கையெட்டும் தூரத்தில் இருந்தாலும் தெரியாது.

'ஊ...உக், ஊ...உக், ஊ...உக்' என்று இரட்டை இரட்டையாக, ஆறிலிருந்து இருபது வரை வரிசையாக வந்து நின்றுவிட்டால் அது பிரவுன் ஹாக் அவுல். வட்ட முகம் இல்லாமல், நீண்ட வாலோடு பார்ப்பதற்கு வல்லூறு போலவே இருக்கும். நிலா வெளிச்சத்தில் பறந்தபடியே வண்டைப் பிடிக்கும்.

'காவ்...காவ்...காவ்' என்று மெதுவாகத் தொடங்கி, வேகம் பிடித்து, 'காவ்-குக் காவ்-குக்' என்று ஓடி முடிந்தால் காட்டுச் சிற்றாந்தை. சரக்கு வண்டி நிலையத்தைவிட்டுக் கிளம்புவதுபோல் என்று டைரியில் எழுதியிருக்கிறேன். உடம்பில் புள்ளி இருக்காது, குறுக்கே நெருக்கமாக வரி ஓடும். பட்டப்பகலிலும் கூவும்.

இவை எல்லாவற்றிலும் கூவவே கூவாத ஒன்று உண்டு. அதுதான் வெள்ளை முகக் கூகை. முகம் இதய வடிவம். கிழிந்த துணியை மேலும் கிழிப்பதுபோல் ஒரு கிறீச்சல், அல்லது 'ஸ்ஸ்ஸ்' என்று சீறல். ஒரு நிலையத்தில் பழைய ஸ்டோர் ரூம் கூரையில் ராத்திரி யாரோ குறட்டை விடுகிறார்கள் என்று புகார் வந்தது. போய்க் கேட்டபோது நீராவி எஞ்சினில் வால்வு கசிவதுபோல் இருந்தது. ஏணி வைத்து ஏறிப் பார்த்தால், பெரிதும் சிறிதுமாக ஐந்து குஞ்சுகள் வரிசையாக நின்று என்னைப் பார்த்துச் சீறின. இது முட்டைகளை நாள் விட்டு நாள் இட்டு, முதல் முட்டையிலிருந்தே அடைகாக்கும். அதனால் குஞ்சுகள் படிக்கட்டுபோல் இருக்கும்.

கீழே தரையெல்லாம் கறுத்த உருண்டைகள். ஆந்தை எலியை முழுதாக விழுங்கி, ஜீரணமாகாத எலும்பையும் ரோமத்தையும் உருட்டித் துப்பிவிடும். ஒன்றைத் தண்ணீரில் ஊறவைத்துப் பிரித்துப் பார்த்தேன். எலி மண்டையோடுகள் மூன்று இருந்தன. பக்கத்துக் கூட்ஸ் ஷெட்டில் கோதுமை மூட்டை. மலேசியாவில் எண்ணெய்ப்பனைத் தோட்டங்களில் எலியை ஒழிக்க இந்தக் கூகைக்கென்றே பெட்டி கட்டி வைக்கிறார்கள். நம் ஸ்டோர் ரூமில் அது வாடகை கேட்காமல் தானாகவே வந்திருந்தது. குஞ்சுகள் பறக்கும்வரை அந்தக் கூரையைப் பழுதுபார்க்கும் வேலையை நான் தள்ளிப்போட்டதற்குக் கோப்பில் வேறு காரணம் எழுதினேன். இப்போது சொல்லலாம், பென்ஷன் வந்துகொண்டிருக்கிறது.

எங்கள் பக்கத்து குவார்ட்டர்ஸில் வங்காளக் குடும்பம். கூகை பறந்தால் அந்த வீட்டு அம்மாள் கைகூப்புவார். அவர்களுக்கு அது லக்ஷ்மி பேஞ்சா, லக்ஷ்மியின் வாகனம். ஒரே பறவை, சுவருக்கு இந்தப் பக்கம் எமன் தூதன், அந்தப் பக்கம் மகாலக்ஷ்மி.

இருட்டில் அது எப்படி எலியைப் பிடிக்கிறது? கூகையின் இரு காதுகளும் ஒரே மட்டத்தில் இல்லை, ஒன்று சற்று மேலே, ஒன்று சற்றுக் கீழே. அதனால் சத்தம் இடமா வலமா என்பதோடு, மேலா கீழா என்பதும் அதற்குத் தெரிந்துவிடும். பார்வையே இல்லாமல் காதை மட்டும் வைத்துப் பிடிக்கும். கண் குழியில் அசையாது என்பதால் கழுத்தைத் திருப்புகிறது, ஏறக்குறைய முக்கால் வட்டம் வரை.

இன்னொரு விஷயம், இது எங்கள் துறை சம்பந்தப்பட்டது. ஆந்தை பறந்தால் சத்தம் வராது. இறகின் முன்விளிம்பில் சீப்புப் பல்போல் நுண்ணிய பற்கள் உண்டு, அவை காற்றைச் சிறு சிறு சுழல்களாக உடைத்துவிடும். ஜப்பானில் புல்லட் ரயிலின் வேகத்தைக் கூட்டியபோது, மேலே மின்கம்பியைத் தொடும் பான்டோகிராஃப் காற்றில் பெரும் இரைச்சல் போட்டது. ஏஜி நகாட்ஸு என்ற எஞ்சினியர் பறவை பார்ப்பதில் ஆர்வம் உள்ளவர். ஆந்தை இறகைப் பார்த்துப் பான்டோகிராஃபின் தாங்கியில் அதேபோல் சிறு பற்கள் அமைத்தார். மணிக்கு 300 கிலோமீட்டர் ஓடும் அந்த 500 வரிசை வண்டி 1997-இல் வந்தது. ஆந்தையிடம் கேட்டுத் தண்டவாள வேலை செய்தவன் நான் ஒருவன் மட்டுமில்லை என்பதில் எனக்குக் கொஞ்சம் திருப்தி.

பெரிய ஆந்தைகள் நகரத்தில் அபூர்வம். ஓடையோரம் அந்தியில் 'பூம்... ஓ... பூம்' என்று வயிற்றிலிருந்து வரும் குரல் மீன் பிடிக்கும் பெரிய ஆந்தையினுடையது. காலில் இறகு கிடையாது, தண்ணீரில் நனையாமலிருக்க வசதி. நண்டும் தவளையும்கூடத் தின்னும். பாறைச் சரிவிலும் கல் குவாரியிலும் 'பூ...போ' என்று ஆழமாக இரண்டு சுரம் வந்தால் கொம்பன் ஆந்தை. ஜல்லி எடுக்கப் போகும் குவாரிகளில் இதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். கோட்டான் என்று நம்மவர்கள் சொல்வது இந்தப் பெரிய வகைகளைத்தான். சங்க நூல்களில் குடிஞை என்றொரு பெயர் உண்டு. இத்தனை பெயர் வைத்திருந்த நாம், இப்போது எல்லாவற்றையும் ஆந்தை என்று ஒரே பெட்டியில் போட்டுப் பூட்டிவிட்டோம்.

113 ஆண்டு காணாமல் போனது

இப்போது என் மனதை உறுத்தும் விஷயத்துக்கு வருகிறேன்.

1872-இல், இப்போது சத்தீஸ்கரில் இருக்கும் பகுதியில் ஒரு சிற்றாந்தை சுடப்பட்டது. ஆலன் ஆக்டேவியன் ஹியூம் அதைப் புதிய இனம் என்று 1873-இல் எழுதினார். காங்கிரஸைத் தொடங்கியவர்களில் ஒருவரான அதே ஹியூம்தான். 1884 வரை இன்னும் சில கிடைத்தன, கடைசியாகக் கிடைத்தது காந்தேஷ் பகுதியில், ஷாஹாதா பக்கம். பிறகு ஒன்றுமே இல்லை. சாலிம் அலி உட்படப் பெரியவர்கள் தேடிப் பார்த்தும் கிடைக்கவில்லை. மைனெர்ட்ஸ்ஹாகன் என்ற ஆங்கிலேய ராணுவ அதிகாரி 1914-இல் குஜராத்தில் ஒன்றைப் பிடித்ததாகக் கணக்குக் காட்டியிருந்தார். அது அருங்காட்சியகத்திலிருந்து திருடிய பழைய உடல், புதுச் சீட்டு ஒட்டியது என்று பிற்பாடு தெரிந்தது. பொய்க் கணக்கை நம்பினால் எத்தனை பேர் எத்தனை நாள் தவறான இடத்தில் தேட வேண்டியிருக்கும் பாருங்கள்! எங்கள் புளியந்தோப்பு ரோந்துப் புத்தகம்தான் எனக்கு நினைவுக்கு வந்தது.

பமீலா ராஸ்முஸன் என்ற அமெரிக்க ஆய்வாளர் அந்த மோசடியைத் தள்ளிவிட்டு, நம்பகமான பழைய இடங்களுக்கே நண்பர்கள் இருவரோடு வந்தார். 1997 நவம்பர் 25-ஆம் தேதி காலை, ஷாஹாதா அருகே, இலையில்லாத ஒரு மரத்தில் அது உட்கார்ந்திருந்தது. பட்டப்பகலில்! 113 ஆண்டுக்குப் பிறகு. அடுத்த சில ஆண்டுகளில் மேல்காட்டிலும், மத்தியப் பிரதேசத்தில் கக்னார் பக்கத்திலும் கண்டுபிடித்தார்கள். 2014-இல் மும்பைக்கு அருகே தான்ஸா காட்டிலும் தென்பட்டது. மிக மிக ஆபத்தான நிலையில் இருப்பது என்று இருந்த அதன் வகைப்பாடு 2018-இல் ஒரு படி இறங்கி, ஆபத்தான நிலை என்றானது. மராத்தியில் ரான் பிங்களா, அதாவது காட்டுப் பிங்களா.

மேல்காட் என்று படித்ததும் என் கையிலிருந்த காபி ஆறிப்போயிற்று. நான் டிராலியில் போன காடு. பட்டப்பகலில், தேக்கு மரத்து உச்சியில், வாலை இடமும் வலமும் ஆட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்த பிங்களாவை நான் இரண்டு மூன்று முறை பார்த்திருக்கிறேன். கீமேன் கையைக் காட்டி, "இது ஊர்ப் பிங்களா இல்லை" என்றார். பகலில் வெளியே வருகிறதே, ஏதோ நோய்வாய்ப்பட்டது போலும் என்று சொல்லிவிட்டு நான் கேஜ் அளக்கப் போய்விட்டேன். தலையில் புள்ளி குறைவு, வயிறு வெள்ளை, இறக்கையில் தடித்த வரி என்று இப்போது புத்தகத்தில் படிக்கிறேன். நான் பார்த்ததில் அவை இருந்தனவா? நினைவில்லை. அதுதான் என்று சத்தியம் செய்ய மாட்டேன். ஆனால் அவர் சொன்னதை உட்கார்ந்து கேட்டிருக்கலாம். 2017-இல் அந்தத் தடத்தில் மீட்டர் கேஜ் வண்டியும் நின்றுவிட்டது.

தீபாவளி வருகிறது. இந்தப் பக்கத்தில் தீபாவளி ராத்திரி ஆந்தையைப் பலி கொடுத்தால் செல்வம் பெருகும் என்று ஒரு மூடர் கூட்டம் உண்டு. லக்ஷ்மியின் வாகனத்தைக் கொன்றால் அவள் வீட்டைவிட்டுப் போக முடியாதாம். அதற்காக ஆந்தைகளைப் பிடித்து மறைவாக விற்கிறார்கள் என்று ட்ராஃபிக் என்ற அமைப்பு 2010-இல் விரிவான அறிக்கை வெளியிட்டது. 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி ஆந்தையைப் பிடிப்பதும் விற்பதும் வீட்டில் வைத்திருப்பதும் குற்றம். சந்தையில் மூடிய கூடையோடு யாராவது "குபட் வேண்டுமா" என்று காதோடு கேட்டால், பரிதாபப்பட்டு விலை கொடுத்து வாங்கிப் பறக்கவிடாதீர்கள். மறுநாள் இன்னொன்றைப் பிடித்து வருவான். வனத்துறைக்குச் சொல்லுங்கள்.

செயலாளர் கேட்ட கேள்விக்கு வருகிறேன். சங்க வேப்பமரத்தில் இருப்பது புள்ளி ஆந்தை, ஒரு ஜோடி. போன ஞாயிற்றுக்கிழமை அந்தியில் ஒரு மணி நேரம் உட்கார்ந்து பார்த்தேன். இப்போது பொந்தில் குஞ்சு இல்லை. நவம்பரிலிருந்து ஏப்ரலுக்குள் முட்டை இடும். மரத்தையும் தட்டிப் பார்த்துவிட்டேன், அடிமரம் உறுதியாக இருக்கிறது, விழாது. மார்கழி பஜனைக்கு விடியற்காலை ஐந்து மணிக்கு வருபவர்கள் வலது பக்கத்து இரண்டாவது கிளையைப் பார்க்கலாம். டார்ச்சை நேராகக் கண்ணில் அடிக்க வேண்டாம். அந்த மாமியின் பேத்தியையும் கூட்டிவரச் சொல்லுங்கள், நான் நாற்காலி போட்டுவைக்கிறேன்.

சிமென்ட் வாங்கியிருந்தால் வீணாக்க வேண்டாம். மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டி மூடி ஓரத்தில் வெடித்திருக்கிறது, அதற்கு ஆகும்.